சாப்ளினின் மியூச்சுவல் படப் பெட்டி: எரிக் கேம்ப்பெல் முகத்துக்காகவே வாங்கலாம்

மியூச்சுவல் என்ற அமெரிக்கப் படக் கம்பெனிக்காக 1916, 1917 ஆகிய இரண்டு வருஷத்தில் சாப்ளின் எடுத்துக்கொடுத்த 12 படங்களையும் சுத்தம் செய்து, ஒரே பெட்டியாகப் போட்டு, 2014இல் ஃப்ளிக்கர் ஆலி என்ற அமெரிக்க நிறுவனம் வெளியிட்டது. ப்ளூ-ரே, டிவிடி இரண்டுமே உள்ளே இருக்கின்றன. மாப்பிள்ளை ஊருக்கு வரும்போது எனக்கென்று வாங்கி வந்தார்.

நான் படம் ஓட்டிப் பிழைத்தவன். அம்பாசமுத்திரம் வட்டாரத்தில் டூரிங் கொட்டகை ஆப்பரேட்டர். வீரவநல்லூர், பாப்பாக்குடி, முக்கூடல் என்று கொட்டகை எங்கே போகிறதோ அங்கே நானும் போவேன். கொட்டகைகள் ஒவ்வொன்றாகப் பிரிக்கப்பட்ட பிறகு, பள்ளிக்கூட விழாக்களுக்கு 16 எம்எம் ப்ரொஜெக்டரைத் தூக்கிக்கொண்டு போய் ஓட்டினேன். இந்தப் பன்னிரண்டில் பாதிக்கு மேல் என் கையால் லோடு செய்து ஓட்டியவை. அந்தப் படங்களும் இந்தப் பெட்டியில் இருப்பவையும் ஒன்றுதான் என்று சொல்ல எனக்கு மனசு வரவில்லை. அவ்வளவு வித்தியாசம். அந்த வித்தியாசம் எங்கே அதிகமாகத் தெரிகிறதென்றால், சாப்ளினிடம் அல்ல, அவருக்கு எதிரே நிற்கிற தடித்த மனுஷரிடம். அவர் பெயர் எரிக் கேம்ப்பெல்.

பெயர் தெரியாவிட்டாலும் ஆளைப் பார்த்திருப்பீர்கள். ஆறடிக்கு மேல் நல்ல உயரம், அதற்கேற்ற உடம்பு, பெரிய தாடி, நெற்றியில் பாதி தூரம் ஏறிப்போகிற மாதிரி மையால் வரைந்த புருவம். எங்கள் பக்கத்துக் கோயில்களில் காவல் தெய்வத்துக்குச் சுதையில் உருவம் செய்து வைத்திருப்பார்களே, அந்த முழியும் புருவமும் இவரிடம் உண்டு. 12 படங்களில் 11இல் வருகிறார். மீதி ஒன்று ‘ஒன் ஏ.எம்.’, அதில் சாப்ளின் ஏறக்குறையத் தனி ஆளாகவே நடிக்கிறார். கடை மேனேஜர், தீயணைப்புப் படைத் தலைவர், சாட்டை வைத்திருக்கும் நாடோடிக் கூட்டத் தலைவன், தையல்காரர், திருடன், தெரு ரவுடி, கால் வீங்கிய பணக்காரர், ஹோட்டல் சர்வர் என்று ஒவ்வொன்றிலும் வேறு வேறு வேஷம். ‘பிஹைண்ட் த ஸ்க்ரீன்’ படத்தில் அவர் பாத்திரத்துக்குக் கோலியாத் என்றே பெயர் வைத்துவிட்டார்கள். அதில் சாப்ளினுக்குப் பெயர் டேவிட்.

சரி, நாங்கள் ஓட்டிய பிரிண்டுகளுக்கு என்ன கோளாறு என்று சொல்லிவிடுகிறேன். இதைச் சொன்னால்தான் பெட்டியின் அருமை புரியும்.

ஊமைப் படக் காலத்தில் கேமராவைக் கையால் சுற்றினார்கள். பிலிமில் ஒரு வினாடிக்கு 16 சின்னப் படம், 18 சின்னப் படம் என்று கைக்குத் தகுந்த மாதிரி விழும். பேசும் படம் வந்தபோது ஒலிக்காக 24 என்று நிலையாக்கினார்கள். எங்கள் ப்ரொஜெக்டர் மோட்டார் 24க்குக் கட்டியது, அதைக் குறைக்க வழி கிடையாது. 35 எம்எம் பிலிமில் ஒரு அடிக்கு 16 படம். ஆயிரம் அடி ரீலை 24இல் ஓட்டினால் 11 நிமிஷத்தில் முடிந்துவிடும். அதையே 16இல் ஓட்டினால் கிட்டத்தட்ட 17 நிமிஷம் வரும். அந்த ஆறு நிமிஷ வித்தியாசத்தை எங்கே போய்த் தேடுவது? நடிகரின் உடம்பிலிருந்துதான் அது போகிறது. சாப்ளினுக்கு அதனால் பெரிய நஷ்டம் இல்லை. அவர் சிட்டாகப் பறப்பவர், இன்னும் கொஞ்சம் வேகமாகப் பறந்தாலும் பார்க்க நன்றாகத்தான் இருந்தது. கேம்ப்பெல் நடிப்பு முழுக்க நிதானத்தில் இருக்கிறது. மெதுவாகத் திரும்புவார், மெதுவாக முறைப்பார், கோபம் வருவதற்குள் நமக்கே வியர்த்துவிடும். வேகத்தைக் கூட்டினால் அந்தக் கனம் போய், தலையாட்டுகிற குண்டு மனிதர் ஒருவர்தான் மிஞ்சுகிறார். திரையில் ஆட்கள் வேகமாக ஓடுவதுபோலத் தெரிந்து சிரிப்பு வர வேண்டும் என்று கேமராவையே கொஞ்சம் மெதுவாகச் சுற்றிய இடங்களும் அந்தக் காலக் காமெடிப் படங்களில் உண்டு. ஆகவே கண்ணை மூடிக்கொண்டு 16 என்று வைத்துவிட முடியாது. இந்தப் பெட்டியில் வேகத்தை வைத்திருப்பவர்கள் பார்த்துப் பார்த்து வைத்திருக்கிறார்கள். ஓட்டம் ஓட்டமாகவும், நடை நடையாகவும் இருக்கிறது.

இன்னொரு கோளாறு. 1932இல் வான் பியூரன் என்ற தயாரிப்பாளர் இந்தப் பன்னிரண்டையும் ஒவ்வொன்றும் பத்தாயிரம் டாலர் என்று விலைபேசி வாங்கி, இசையும் டமால் டுமீல் சத்தமும் சேர்த்துத் திரும்ப வெளியிட்டார். பிற்பாடு உலகமெல்லாம் சுற்றிய பிரிண்டுகளில் நிறைய அந்த வழியில் வந்தவைதான். ஊமைப் படத்தில் பிலிமின் அகலம் முழுக்கப் படம் இருக்கும். ஒலித்தடம் வைக்க ஓரத்தில் இடம் வேண்டுமே, அங்கே படத்தை வெட்டிவிடுவார்கள். படச் சட்டத்தின் ஓரம்வரை நிறைந்து நிற்பவர் இந்தப் பெரிய உடம்புக்காரர்தான், அவருடைய தோளோ கையோ போய்விடும். அதோடு தேய்ந்த பிரிண்டு, அறுந்து அறுந்து ஜாயின்ட் போட்ட பிரிண்டு. ஒவ்வொரு ஜாயின்டுக்கும் நாலைந்து படமாவது காணாமல் போகும். அடி விழுகிற இடத்தில்தான் பிலிமும் அதிகம் அறுந்திருக்கும்.

பாரிஸ் லாப்ஸ்டர் பிலிம்ஸ்காரர்களும் இத்தாலியில் பொலோன்யா நகரத்துத் திரைப்பட ஆவணக் காப்பகமும் சேர்ந்து பல இடங்களில் கிடந்த பிரதிகளைத் தேடி, எதில் எந்தத் துண்டு நன்றாக இருக்கிறதோ அதை எடுத்துச் சேர்த்திருக்கிறார்கள். சில இடத்தில் ஒரே காட்சிக்குள் படம் திடீரென்று மங்கும், அது வேறு பிரதியிலிருந்து வந்த துண்டு. மங்கினாலும் பரவாயில்லை என்று அதைச் சேர்த்ததற்கு நான் கையெடுத்துக் கும்பிடுவேன். சுத்தமாக இல்லை என்று வெட்டி எறிந்திருந்தால் நடிப்பில் ஓட்டை விழுந்திருக்கும்.

இப்போது ‘த இம்மிக்ரன்ட்’ படத்துக்கு வருகிறேன். இந்த ஒரு படத்துக்காகவே பெட்டியின் விலையைக் கொடுக்கலாம் என்பது என் அபிப்பிராயம்.

கப்பலில் அமெரிக்கா வந்து இறங்கிய ஏழை சாப்ளின், தெருவில் ஒரு நாணயத்தைக் கண்டெடுத்து, அதை நம்பி ஹோட்டலுக்குள் நுழைகிறார். காசு பாக்கெட் ஓட்டை வழியாக ஏற்கெனவே விழுந்துவிட்டது, அவருக்கு அது தெரியாது. சர்வர் கேம்ப்பெல். முதலில் தொப்பியைக் கழற்றச் சொல்லி ஒரு தகராறு. அப்புறம் பக்கத்து மேஜையில் சாப்பிட்ட ஒருவரைச் சர்வர்கள் எல்லோரும் சேர்ந்து புரட்டி எடுத்து வெளியே எறிகிறார்கள். என்ன குற்றம் என்று சாப்ளின் கேட்டால், பில்லில் பத்து சென்ட் குறைவு என்கிறார் கேம்ப்பெல். சொல்லும்போது அவர் முகத்தில் கோபம் இல்லை, அன்றாட வேலையைச் சொல்கிற முகம். அங்கேதான் வயிறு கலங்குகிறது. இதைப் பார்த்துக்கொண்டிருந்த என் வீட்டுக்காரி, “பத்து சென்ட்டுக்கா அந்தப் பிள்ளைய இப்பிடிப் போட்டு அடிக்கானுவ?” என்று கேட்டாள். படம் முடிகிறவரை அவளுக்கு அந்தச் சர்வர்மேல் கோபம் தீரவில்லை. நூறு வருஷத்துக்கு முந்தைய ஊமைப் படத்துக்கு இது நடக்கிறதென்றால் அது கேம்ப்பெல் செய்த வேலை.

அதற்குப் பிறகு வருகிற ஒவ்வொன்றும் அந்த முகத்தின்மேல் கட்டியது. வேறொருவர் கொடுத்த காசு தரையில் விழ, சாப்ளின் அதைக் காலால் மறைப்பதும், எடுத்து நீட்டியதும் கேம்ப்பெல் அதைப் பல்லில் வைத்துக் கடிக்க அது வளைந்துபோவதும், கள்ளக் காசு என்று தெரிந்ததும் சாப்ளின் மயங்கப் பார்ப்பதும். கேம்ப்பெல் மேஜைப் பக்கம் வரும்போதெல்லாம் நமக்கே நம் சட்டைப்பையைத் தொட்டுப் பார்க்கத் தோன்றும்.

இந்தக் காட்சிக்கு ஒரு பின்கதை உண்டு. கெவின் பிரௌன்லோ, டேவிட் கில் இருவரும் சாப்ளின் கழித்துப் போட்ட பிலிம்களை ஆராய்ந்து 1983இல் ‘அன்நோன் சாப்ளின்’ என்று ஒரு தொலைக்காட்சித் தொடர் செய்தார்கள். அதில் பார்த்தால், இந்தச் சர்வர் வேஷத்தை முதலில் ஹென்றி பெர்க்மன் என்ற இன்னொரு நல்ல நடிகர் செய்திருக்கிறார். காட்சியை நிறையப் படம் பிடித்தாகிவிட்டது. பெர்க்மனும் பருமன்தான், ஆனால் அவர் முகத்தில் பயம் காட்ட முடியவில்லை. சாப்ளின் எடுத்ததையெல்லாம் தள்ளிவிட்டு, கேம்ப்பெலைப் போட்டு மறுபடி எடுத்தார். பெர்க்மனை அதே படத்தில் ஓவியராக வைத்துக்கொண்டார். பயமில்லாமல் இந்தக் காட்சியில் சிரிப்பு கிடையாது என்று சாப்ளினுக்குத் தெரிந்திருந்தது. குணச்சித்திர நடிகர் என்றால் கதாநாயகனுக்குப் பக்கத்தில் நிற்கிறவர் என்று நினைப்பவர்களுக்கு இந்த ஒரு விஷயத்தைச் சொன்னால் போதும்.

எங்கள் சீமையிலும் அப்படி ஒருவர் இருந்தார். டி.எஸ். பாலையா. அந்த ‘டி’ திருநெல்வேலி. 1936இல் எல்லிஸ் ஆர். டங்கன் என்ற அமெரிக்கர் இயக்கிய ‘சதிலீலாவதி’யில் வில்லனாக அறிமுகமானார். எம்.ஜி.ஆருக்கும் அதுதான் முதல் படம். பிற்பாடு 1964இல் ‘காதலிக்க நேரமில்லை’ படத்தில் நாகேஷ் பேய்க்கதை சொல்லும் காட்சியை எடுத்துக்கொள்ளுங்கள். பேசுவது முழுக்க நாகேஷ். கொட்டகையில் ஜனங்கள் பார்த்துக்கொண்டிருந்தது பாலையாவின் முகத்தை. கேபின் ஓட்டை வழியாகக் கூட்டத்தைக் கவனிப்பது எனக்குப் பழக்கம், சிரிப்பு எந்த நொடியில் வெடிக்கிறது என்று எனக்குத் தெரியும். நாகேஷ் வாயை மூடிய பிறகு, பாலையாவின் கண் உருளும்போதுதான் வெடிக்கும். கேம்ப்பெல் அந்த ஜாதி நடிகர். தனக்கு நடப்பதை ஏற்றுக்கொள்வதையே நடிப்பாக்கத் தெரிந்தவர்.

‘த ரிங்க்’ படத்தில் அதைப் பார்க்கலாம். சர்வர் சாப்ளின், சாப்பிட வந்த கேம்ப்பெல் சட்டையிலும் தாடியிலும் ஒட்டியிருப்பதைப் பார்த்தே என்னென்ன சாப்பிட்டார் என்று பில் போடுகிறார். கேம்ப்பெல் நகரவே மாட்டார். தன் உடம்பைக் கணக்கு நோட்டாகக் கொடுத்துவிட்டு முறைத்துக்கொண்டு நிற்பார். பிறகு இருவரும் காலில் சக்கரம் கட்டிக்கொண்டு சுற்றும்போது, அவ்வளவு பெரிய மனிதர் விழுவதில் ஒரு தாளக்கட்டு இருக்கிறது. விழத் தெரிந்தவர்தான் அப்படி விழ முடியும். இங்கிலாந்தில் ஃபிரெட் கார்னோ நாடகக் குழுவில் பழகிய உடம்பு அது. சாப்ளினும் அதே குழுவில் வளர்ந்தவர். நியூயார்க் மேடையில் நடித்துக்கொண்டிருந்த கேம்ப்பெலை 1916இல் சாப்ளின் தன் கம்பெனிக்கு இழுத்துக்கொண்டார். ஒரே பட்டறையில் தயாரானவர்கள் என்பதால் இருவருக்கும் அடியும் விலகலும் ஒரு இம்மி பிசகுவதில்லை.

‘ஈஸி ஸ்ட்ரீட்’ பிள்ளைகளுக்கான படம். எங்கள் தெருப் பிள்ளைகளுக்கு மொட்டை மாடியில் வேட்டியைக் கட்டிப் போட்டுக் காட்டினேன். சாரல் காற்றில் வேட்டி ஆடியது, கேம்ப்பெலும் ஆடினார், யாரும் எழுந்து போகவில்லை. கதை தெரிந்திருக்கும்: ஒரு தெருவையே மிரட்டி வைத்திருக்கும் ரவுடி, புதிதாகப் போலீஸ் வேலைக்கு வந்த சாப்ளின். சாப்ளின் தடியால் மண்டையில் மாறி மாறிப் போடுகிறார், கேம்ப்பெல் இமைகூடக் கொட்டுவதில்லை. தன் பலத்தைக் காட்டத் தெருவிளக்குக் கம்பத்தையே வளைக்கிறார். குனிந்த அந்த நொடியில் சாப்ளின் முதுகில் தாவி, விளக்குக் கூண்டைத் தலையில் கவிழ்த்து, விளக்கின் எரிவாயுவைத் திறந்துவிடுகிறார். இதைப் படமாக்கும்போது அந்த விளக்கு சாப்ளின் மூக்கில் பட்டுக் காயமாகிவிட்டது. கேம்ப்பெல் மயங்கிச் சரிகிறபோது பிள்ளைகள் போட்ட சத்தத்தில் பக்கத்து வீட்டு விளக்கு எரிந்தது. அடுத்து அவர் விலங்கை உடைத்துக்கொண்டு திரும்பி வரும்போது ஒரு பயல் திரையைப் பார்த்து, “ஏல, அவன் வாராம்ல! ஓடுல!” என்று கத்தினான். நான் கொட்டகையில் இருந்த காலத்துக்குப் பிறகு அப்படி ஒரு சத்தத்தைக் கேட்டதில்லை.

பெட்டியில் கூடுதலாக ‘சாப்ளின்ஸ் கோலியாத்’ என்று கெவின் மெக்டொனால்ட் 1996இல் எடுத்த ஆவணப்படம் இருக்கிறது. முழுக்கக் கேம்ப்பெலைப் பற்றியது. அதைப் படங்களுக்குப் பிறகு பாருங்கள், முன்னால் வேண்டாம். அவர் முடிவு தெரிந்துவிட்டால் ‘த கியூர்’ படத்தில் கட்டுப்போட்ட காலோடு சுழல் கதவில் மாட்டிக்கொள்ளும்போது மனம்விட்டுச் சிரிக்க முடியாது. 1917 ஜூலையில் அவர் மனைவி திடீரென்று இறந்துபோனார். அந்தத் துக்கத்தோடு துக்கமாக மகள் மேல் கார் மோதிப் பெரிய காயம். செப்டம்பரில் அவசரமாக இன்னொரு கல்யாணம், அதுவும் சீக்கிரமே விவாகரத்து வழக்கில் போய் நின்றது. அக்டோபரில் ‘த அட்வென்ச்சரர்’ வெளியானது. டிசம்பர் 20ஆம் தேதி லாஸ் ஏஞ்சலிஸில் அவர் ஓட்டிய கார் இன்னொரு காரோடு மோதி, அந்த இடத்திலேயே போய்விட்டார். வயது 37. அஸ்தியைக் கேட்டு யாரும் வரவில்லை. 1952இல்தான் அதை அடக்கம் செய்தார்கள். அந்த முப்பத்தைந்து வருஷமும் உலகத்தில் எங்காவது ஒரு கொட்டகையில் அவர் தலையில் விளக்குக் கூண்டு கவிழ்ந்துகொண்டுதான் இருந்திருக்கும்.

அவருக்குப் பிறகு சாப்ளின் படங்களில் பெரிய உடம்புக்காரர்கள் வந்தார்கள். ‘த கோல்ட் ரஷ்’ படத்தில் மேக் ஸ்வைன் அருமையாகச் செய்திருக்கிறார், அதில் சந்தேகமில்லை. ஆனால் ஸ்வைன் கண்ணில் ஒரு குழந்தை இருக்கிறது, அவரைப் பார்த்துப் பயம் வராது. கேம்ப்பெல் இருந்திருந்தால் சாப்ளினின் பெரிய படங்களே கொஞ்சம் வேறு மாதிரி ஆகியிருக்கும் என்று நான் நம்புகிறேன்.

குறைகளையும் சொல்ல வேண்டும். படத்துக்கு நடுநடுவே வரும் எழுத்து அட்டைகள் ஆங்கிலத்தில் மட்டும். படங்களுக்கு அது தடையில்லை, வீட்டில் ஆங்கிலம் படிக்காதவர்கள் ஒரு இடத்தில்கூட என்னிடம் விளக்கம் கேட்கவில்லை. ஆவணப்படம் அப்படியில்லை, ஆங்கிலப் பேச்சு வேகமாகப் போகிறது. பேரன் நிறுத்தி நிறுத்திச் சொன்னதால் நான் பிடித்துக்கொண்டேன். உடன் வரும் சிறு புத்தகத்தில் படங்கள் நன்றாக இருக்கின்றன, எழுத்து என் வயதுக்காரர்களுக்குப் பொடி. இசையைப் பொறுத்தவரை, பெரிய வாத்தியக் குழு வாசித்தவற்றில் சில இடத்தில் அடி விழும் முன்பே மேளம் எழுந்துவிடுகிறது, ரவுடி வரப்போகிறான் என்று முன்கூட்டியே சொல்லிவிடுகிறது. தனிப் பியானோ வருகிற இடங்கள் எனக்குப் பிடித்தன. அது நடிகரைப் பார்த்து வாசிக்கிறது.

விலை நம் கணக்குக்கு அதிகம்தான், திருநெல்வேலி ஜங்ஷனிலோ டவுனிலோ கடையில் கேட்டால் கிடைக்காது. வெளிநாட்டிலிருந்து யாராவது வந்தால் சொல்லிவிட வேண்டியதுதான். இந்தப் படங்களுக்குக் காப்புரிமைக் காலம் முடிந்துவிட்டது, இன்டர்நெட்டில் இலவசமாகவே கிடைக்கின்றனவே என்று கேட்பீர்கள். கிடைக்கின்றன. அவற்றில் பல நான் ஓட்டிய அதே ஓரம் வெட்டிய, வேகம் கூட்டிய பிரதிகள். கதையைத் தெரிந்துகொள்ள அது போதும். கேம்ப்பெல் என்ன செய்கிறார் என்று பார்க்கப் போதாது.

வாங்குகிறவர்கள் முதலில் ‘ஈஸி ஸ்ட்ரீட்’, அடுத்து ‘த ரிங்க்’, அதற்குப் பிறகு ‘த இம்மிக்ரன்ட்’ என்று போடுங்கள். ‘த ஃப்ளோர்வாக்கர்’ முதல் படம், அதில் இருவரும் இன்னும் பழகிக்கொண்டிருக்கிறார்கள். நகரும் படிக்கட்டுக் காட்சியை மட்டும் விடாதீர்கள். ‘த வேகபாண்ட்’ சோகம் கலந்தது, பெரியவர்களோடு உட்கார்ந்து பார்க்க நல்லது. டிவியில் படத்தை வழுவழுப்பாக்கும் அமைப்பு ஏதாவது ஓடிக்கொண்டிருந்தால் அணைத்துவிடுங்கள். அது இல்லாத படங்களை நடுவில் தானே செய்து திணித்து, இத்தனை பேர் பாடுபட்டுச் சரிசெய்த நடையைத் திரும்பக் கெடுத்துவிடும்.